விவிலியத்தின் நூல் பட்டியலை யார் முடிவு செய்தார்கள்?

புராட்டஸ்டன்ட் சபைகளில் வாசிக்கப்படும் தமிழ் வேதாகமத்தில் 66 நூல்கள். கத்தோலிக்கரின் திருவிவிலியத்தில் 73. எத்தியோப்பிய ஆர்த்தடாக்ஸ் திருச்சபையின் கணக்கு 81. மூன்று தரப்பினரும் தங்கள் கையிலிருப்பதையே முழு விவிலியம் என்று கொள்கிறார்கள். ஏன் இந்த வேறுபாடு என்று தேடுபவருக்கு முதலில் கண்ணில் படும் பதில் பெரும்பாலும் இதுதான்: 325ஆம் ஆண்டு நிசேயா நகரில் பேரரசர் கான்ஸ்டன்டைன் கூட்டிய சங்கத்தில் ஆயர்கள் வாக்கெடுத்து, வேண்டிய நூல்களை வைத்துக்கொண்டு வேண்டாதவற்றை ஒழித்துவிட்டார்கள்.

அப்படி எதுவும் நடக்கவில்லை. நிசேயாவில் பேசப்பட்டவை இயேசு படைக்கப்பட்டவரே என்ற ஆரியுஸின் போதனை, பாஸ்கா (ஈஸ்டர்) விழாவின் தேதி, திருச்சபை ஒழுங்கு ஆகியவை. அங்கே இயற்றிய 20 விதிகள் இன்றும் கிடைக்கின்றன. அவற்றில் நூல் பட்டியல் கிடையாது. நூல்களையெல்லாம் பலிபீடத்தருகே வைத்துவிட்டு ஆயர்கள் செபித்தார்கள், உண்மையானவை மேலேயும் போலியானவை கீழேயும் வந்து சேர்ந்தன என்ற கதை, ஐந்நூறு ஆண்டுகளுக்கும் மேல் கழித்து 9ஆம் நூற்றாண்டில் தொகுக்கப்பட்ட ஒரு கிரேக்க நூலில் வருகிறது. 18ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சு எழுத்தாளர் வோல்டேர் அதைக் கேலிக்காக எடுத்தாண்டார். அதன்பின் அது பரவிவிட்டது.

உண்மையில் நடந்தது இதைவிட மெதுவானது, சிக்கலானது. நிசேயாவுக்கு ஒரு நூற்றாண்டுக்கும் முன்பே பட்டியலின் பெரும்பகுதி நிலைபெற்றுவிட்டது. நிசேயாவுக்குப் பல நூற்றாண்டுகள் கழித்தும் அதன் ஓரங்கள் எல்லா இடத்திலும் ஒரே மாதிரி மூடவில்லை.

வாசிப்பில் தொடங்கியது

முதல் இரண்டு நூற்றாண்டுகளில் முழு விவிலியத்தையும் ஒரே தொகுதியாக யாரும் வைத்திருக்கவில்லை. ஒரு சபையிடம் ஒன்றிரண்டு நற்செய்திகள், பவுலின் சில கடிதங்கள், கிரேக்கத்தில் எசாயா, திருப்பாடல்கள் என்று தனித்தனிச் சுவடிகள் இருக்கும். ஆகவே ‘விவிலியத்தில் எது சேரும்’ என்ற கேள்வி அன்று எழவே இல்லை. ‘ஞாயிற்றுக்கிழமை கூடும்போது எதைச் சத்தமாக வாசிக்கலாம்’ என்பதுதான் கேள்வி. சுமார் 155இல் ரோமில் எழுதிய கிறிஸ்தவ எழுத்தாளர் யுஸ்தீன், அந்நாளில் இறைவாக்கினர் நூல்களோடு ‘திருத்தூதர்களின் நினைவுக்குறிப்புகளும்’ வாசிக்கப்படுவதாகச் சொல்கிறார். அவை நற்செய்திகள்தாம்.

அதற்குச் சற்று முன்பு, சுமார் 144இல், மார்சியோன் என்ற கப்பல் வணிகர் ரோம் திருச்சபையிலிருந்து விலக்கப்பட்டார். பழைய ஏற்பாட்டின் கடவுளும் இயேசுவின் தந்தையும் வெவ்வேறு என்பது அவர் கொள்கை. அதற்கேற்ப வெட்டித் திருத்திய லூக்கா நற்செய்தியும் பவுலின் 10 கடிதங்களும் மட்டுமே அவர் வைத்திருந்த தொகுப்பு. மற்றவர்கள் தங்கள் நூல்கள் எவை என்று வெளிப்படையாகச் சொல்ல வேண்டிய நெருக்கடியை இது கூட்டியது. சுமார் 180இல் லியோன் ஆயர் இரனேயு, நற்செய்திகள் நான்குதான், கூடவும் கூடாது குறையவும் கூடாது என்று வாதாடுகிறார். 200ஐ ஒட்டி நான்கு நற்செய்திகள், திருத்தூதர் பணிகள், பவுலின் 13 கடிதங்கள், 1 பேதுரு, 1 யோவான் ஆகியவை பெரும்பாலான இடங்களில் ஐயமின்றி வாசிக்கப்பட்டன. இதை மனதில் வைத்துக்கொண்டால் பாதிக் குழப்பம் தீரும். தோமா நற்செய்தியும் மத்தேயு நற்செய்தியும் சம நிலையில் நின்று ஒரு கூட்டத்தில் போட்டியிட்ட காலம் என்று ஒன்று இருந்ததில்லை. தகராறு நடந்தது விளிம்பில்.

அந்த விளிம்பை நேரில் காட்டும் ஆவணம் ஒன்று மிலான் நகரின் அம்புரோசிய நூலகத்தில் இருக்கிறது. 1740இல் லுடோவிக்கோ முராத்தோரி அதை வெளியிட்டதால் முராத்தோரித் துண்டு என்று பெயர். பிழை மலிந்த லத்தீனில் 85 வரிகள், தொடக்கம் கிழிந்துபோயிருக்கிறது. நம் கையிலுள்ள படி 7 அல்லது 8ஆம் நூற்றாண்டினது. மூலம் 2ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுதப்பட்டது என்பது பழைய கருத்து. 4ஆம் நூற்றாண்டுக்குத் தள்ளுவோரும் உண்டு. அதன் பட்டியலில் எபிரேயர், யாக்கோபு, பேதுருவின் இரு கடிதங்கள் எதுவும் இல்லை. இன்று பழைய ஏற்பாட்டோடு சேர்த்துப் பேசப்படும் சாலமோனின் ஞானம் அதில் இடம்பெற்றிருக்கிறது! பேதுருவின் வெளிப்பாடு என்ற நூலையும் ஏற்கிறது, ஆனால் ‘எங்களில் சிலர் அதைத் திருச்சபையில் வாசிக்க விரும்புவதில்லை’ என்று நேர்மையாகக் குறித்து வைக்கிறது. எர்மாவின் மேய்ப்பன் என்ற நூலைத் தனியே படிக்கலாம், சபையில் வாசிக்கக் கூடாது என்கிறது. காரணம், அது அண்மையில்தான், பியு ரோமின் ஆயராக இருந்தபோது எழுதப்பட்டதாம். பவுல் பெயரில் மார்சியோன் கூட்டத்தார் புனைந்த இரு கடிதங்களைத் தள்ளும்போது, தேனில் பித்தநீரைக் கலக்கக் கூடாது என்கிறது.

எர்மாவின் மேய்ப்பன் நல்ல நூல், போதனையில் குற்றமில்லை, பலர் விரும்பிப் படித்தார்கள். ஆனாலும் அதற்கு இடமில்லை, ஏனெனில் அது திருத்தூதர் காலத்தது அல்ல. பட்டியலில் சேராத எல்லாமே ‘தடை செய்யப்பட்டவை’ என்று நினைப்பது எவ்வளவு பிழை என்பதை இந்த ஒரு நூலே காட்டும்.

யூசேபியு போட்ட மூன்று வகைகள்

சுமார் 325இல் செசரியா ஆயர் யூசேபியு தம் திருச்சபை வரலாற்றின் மூன்றாம் நூலில் நிலவரத்தைத் தொகுத்துத் தருகிறார். தொடங்குபவர் எவரும் முதலில் படிக்க வேண்டிய இடம் அதுதான் என்பேன். அவர் தீர்ப்புச் சொல்லவில்லை. யார் எதை ஏற்கிறார்கள் என்று கணக்கெடுக்கிறார். எல்லாராலும் ஏற்கப்பட்டவை முதல் வகை. பலருக்குத் தெரிந்திருந்தும் சிலர் மறுக்கும் நூல்கள் அடுத்தது: யாக்கோபு, யூதா, 2 பேதுரு, 2 யோவான், 3 யோவான். பிறகு, உரிய ஆசிரியரால் எழுதப்படாதவை: பவுல் பணிகள், எர்மாவின் மேய்ப்பன், பேதுருவின் வெளிப்பாடு, பர்னபாவின் திருமுகம், திதாக்கே என்ற சபை ஒழுங்குக் கையேடு. இந்த மூன்றுக்கும் வெளியே, திருத்தூதர் பெயரைச் சூட்டிக்கொண்ட மாறுபட்ட போதனையாளரின் நூல்கள். பேதுரு நற்செய்தி, தோமா நற்செய்தி போன்றவை.

யோவானின் திருவெளிப்பாட்டை என்ன செய்வதென்று அவருக்குத் தெரியவில்லை. ‘சரியென்று தோன்றினால்’ முதல் வகையில் சேர்க்கலாம் என்கிறார். அதே வாக்கியத்தொடரில் மூன்றாம் வகையிலும் வைக்கலாம் என்கிறார். இந்தத் தடுமாற்றத்துக்குப் பின்னால் ஒரு வழக்கு இருக்கிறது. 3ஆம் நூற்றாண்டின் நடுவில் எகிப்தில், திருவெளிப்பாட்டின் 20ஆம் அதிகாரத்தை அப்படியே எடுத்துக்கொண்டு, ஆயிரம் ஆண்டுகள் பூமியில் உடலின்பத்தோடு கூடிய அரசு வரும் என்று சிலர் போதித்தார்கள். அதை மறுக்கப் புறப்பட்ட அலெக்சாந்திரியா ஆயர் தியோனிசியு, நூலையே அலசிப் பார்த்தார். நற்செய்தி எழுதியவர் தம் பெயரை எங்கும் சொல்லவில்லை. இவரோ ‘யோவானாகிய நான்’ என்று மீண்டும் மீண்டும் சொல்கிறார். நற்செய்தியில் ஓயாமல் வரும் ஒளி, வாழ்வு, உண்மை முதலிய சொற்களின் போக்கு இதில் இல்லை. நற்செய்தியின் கிரேக்கம் பிழையற்றது. இதில் இலக்கண வழுக்கள் இருக்கின்றன. ஆகவே இது வேறொரு யோவான் எழுதியது என்றார். அதேசமயம், பலர் போற்றும் நூலைத் தள்ளத் தமக்குத் துணிவில்லை என்றும் சொன்னார். நடையை வைத்து ஆசிரியரை ஆராயும் இந்த முறை இன்றைய ஆய்வாளரின் முறைதான்.

எபிரேயருக்கு எழுதிய திருமுகத்தின் நிலைமை தலைகீழ். கிரேக்கம் பேசிய கிழக்கில் அதைப் பவுலுடையது என்று ஏற்றார்கள். சுமார் 200ஐச் சேர்ந்த ஒரு பாப்பிரசுத் தொகுப்பில் அது உரோமையருக்கு அடுத்தே இருக்கிறது. லத்தீன் பேசிய மேற்கில் தயக்கம். ஆசிரியர் பெயர் இல்லை. தவிர, விசுவாசத்தை விட்டு விலகியவர் மீண்டும் மனம் மாற முடியாது என்று அதன் 6ஆம் அதிகாரம் சொல்வதை, துன்புறுத்தலில் தவறியவர்களைத் திரும்பச் சேர்க்கக் கூடாது என்றவர்கள் ஆயுதமாக்கினார்கள். கருத்து பவுலுடையது, எழுதியவர் யார் என்பது கடவுளுக்குத்தான் தெரியும் என்றார் 3ஆம் நூற்றாண்டு விவிலிய அறிஞர் ஒரிகன். கடைசியில் கிழக்கின் நூலை மேற்கும், மேற்கின் திருவெளிப்பாட்டைக் கிழக்கும் ஏற்றன. ஆனாலும் கிரேக்க ஆர்த்தடாக்ஸ் வழிபாட்டு வாசக வரிசையில் திருவெளிப்பாடு இன்றுவரை இல்லை.

எந்த அளவுகோல்?

பாடநூல்கள் மூன்று அளவுகோல்களைச் சொல்லும்: திருத்தூதர் தொடர்பு, கைமாறி வந்த விசுவாசத்தோடு ஒத்துப்போவது, பரவலான வழக்கம். மூன்றும் உண்மை. அவற்றை வைத்து யாரும் மதிப்பெண் போடவில்லை என்பதும் உண்மை. ஒன்றோடொன்று மோதியபோது என்ன ஆயிற்று என்று பார்த்தால்தான் அவை வேலை செய்த விதம் தெரியும்.

சுமார் 200இல் அந்தியோக்கியா ஆயராக இருந்த செராப்பியோன், ரோசு என்ற ஊரின் சபைக்குப் போகிறார். அங்கே பேதுரு நற்செய்தியை வாசிக்கலாமா என்று தகராறு. நூலை முழுதாகப் பார்க்காமலேயே, இதுதான் உங்களுக்குள் மனத்தாங்கல் என்றால் வாசியுங்கள் என்று சொல்லிவிடுகிறார். பிறகு அதன் பின்னணியைக் கேள்விப்பட்டு, இயேசு உண்மையில் உடல் தரிக்கவில்லை என்று போதித்தவர்களிடமிருந்தே ஒரு படி வாங்கிப் படிக்கிறார். பெரும்பகுதி சரி, சில சேர்க்கைகள் சரியில்லை என்று பட்டியலிட்டு, அனுமதியைத் திரும்பப் பெறுகிறார். இங்கே பேதுருவின் பெயர் மட்டும் போதுமானதாக இல்லை. 1886–87 குளிர்காலத்தில் எகிப்தின் அக்மிம் கல்லறையொன்றில் அதன் ஒரு பகுதி கிடைத்தது. இப்போது யாரும் படித்துப் பார்க்கலாம்.

நல்ல நோக்கமும் போதுமானதாக இல்லை. பவுல் பணிகள் என்ற நூலின் ஒரு பகுதியை எழுதியவர் சின்ன ஆசியாவைச் சேர்ந்த ஒரு மூப்பர். பவுல் மேலுள்ள அன்பால் எழுதினேன் என்று ஒப்புக்கொண்டார்; பதவியை இழந்தார் என்று வட ஆப்பிரிக்கக் கிறிஸ்தவ எழுத்தாளர் தெர்த்துல்லியன் பதிவு செய்கிறார். பிறர் பெயரில் பக்தி நூல் எழுதுவது அக்காலத்தில் எல்லாராலும் இயல்பாக ஏற்கப்பட்ட பழக்கம் என்று சொல்வோர் இந்தச் செய்தியைக் கணக்கில் எடுக்க வேண்டும்.

யூதாவின் சிறிய கடிதம் இன்னொரு விதமாக மாட்டிக்கொண்டது. அதன் 14, 15ஆம் வசனங்கள் ஏனோக்கு நூலிலிருந்து எடுத்தவை. ஏனோக்கு நூலை யூதாவே மேற்கோள் காட்டியிருப்பதால் அதையும் ஏற்க வேண்டும் என்றார் தெர்த்துல்லியன். அதே மேற்கோளைக் காரணம் காட்டி யூதாவையே பலர் தள்ளுகிறார்கள் என்று பிற்பாடு குறித்தார் லத்தீன் மொழிபெயர்ப்பாளர் எரோணிமு. ஒரே சான்று, இரண்டு எதிர்முடிவுகள்.

இன்றைய புதிய ஏற்பாட்டின் 27 நூல்களையும் கூட்டாமல் குறைக்காமல் சொல்லும் முதல் பட்டியலாக நமக்குக் கிடைப்பது 367இல் அலெக்சாந்திரியா ஆயர் அத்தனாசியு எழுதிய 39ஆம் பாஸ்கா மடல், அதாவது ஆண்டுதோறும் பாஸ்காவை ஒட்டிச் சபைகளுக்கு அனுப்பும் கடிதம். திதாக்கேயையும் எர்மாவின் மேய்ப்பனையும் புதிதாகச் சேர்வோர் படிக்கலாம் என்று தனியே வைக்கிறார். பழைய ஏற்பாட்டில் அவர் பாரூக்கைச் சேர்த்து எஸ்தரை வெளியே விடுகிறார் என்பதைப் பலர் சொல்வதில்லை. 393இல் ஹிப்போ, 397இல் கார்த்தேஜ் என வட ஆப்பிரிக்கச் சங்கங்கள் அதே 27ஐ உறுதி செய்தன. இவை வட்டாரச் சங்கங்கள். உலகுக்கெல்லாம் சட்டம் இயற்றும் அதிகாரம் இவற்றுக்கு இல்லை. சிரியாவில் அப்போதும் வேறு கணக்கு. பெஷித்தா எனப்படும் சிரியாக் மொழிபெயர்ப்பில் 22 நூல்கள்தாம். 2 பேதுரு, 2, 3 யோவான், யூதா, திருவெளிப்பாடு இல்லை. கேரளத்தின் சிரியன் கிறிஸ்தவர்கள் வழிவழியாகப் பயன்படுத்தியது இந்தப் பெஷித்தாவைத்தான்.

66க்கும் 73க்கும் இடையில்

புதிய ஏற்பாட்டில் தமிழ் விவிலியங்களுக்குள் வேறுபாடு இல்லை. வேறுபடுவது பழைய ஏற்பாடு. தோபித்து, யூதித்து, சாலமோனின் ஞானம், சீராக்கின் ஞானம், பாரூக்கு, 1, 2 மக்கபேயர் ஆகிய ஏழு நூல்களும், எஸ்தர், தானியேல் நூல்களின் கிரேக்கச் சேர்க்கைகளும்தான் அந்த இடைவெளி. கத்தோலிக்கர் இவற்றை இணைத் திருமுறை என்பார்கள். புராட்டஸ்டன்டினர் தள்ளுபடி ஆகமங்கள் என்பார்கள்.

ஆதித் திருச்சபை பேசிய மொழி கிரேக்கம். அதன் பழைய ஏற்பாடு, கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் தொடங்கிய கிரேக்க மொழிபெயர்ப்பு. அந்த வட்டத்தில் இந்த நூல்களும் புழங்கின. யூதர்களோ 24 நூல்களோடு நிறுத்தினார்கள். புராட்டஸ்டன்டினரின் 39 அதே உள்ளடக்கம்தான். பன்னிரண்டு சிறிய இறைவாக்கினரை யூதர்கள் ஒரே நூலாக எண்ணுவதாலும், சாமுவேல், அரசர்கள், குறிப்பேடுகள் இரண்டிரண்டாகப் பிரியாததாலும், எஸ்ராவும் நெகேமியாவும் ஒன்றாகவே இருப்பதாலும் எண்ணிக்கை மாறுகிறது. கி.பி. 90ஐ ஒட்டி யாம்னியாவில் கூடிய யூதச் சங்கம் இதை முடிவு செய்தது என்று பழைய கையேடுகளில் இருக்கும். 1871இல் யூத வரலாற்றாசிரியர் ஹைன்ரிக் கிரேட்ஸ் முன்வைத்த ஊகம் அது. யூதச் சட்ட மரபுத் தொகுப்பான மிஷ்னாவில் இருப்பது இனிமைமிகு பாடலும் சபை உரையாளரும் புனித நூல்களா என்ற விவாதம் மட்டுமே. 1960களுக்குப் பிறகு ஆய்வாளர்கள் அந்தச் சங்கக் கருத்தைக் கைவிட்டுவிட்டார்கள்.

லத்தீனில் விவிலியத்தை மொழிபெயர்த்த எரோணிமு, எபிரேயத்தில் இல்லாதவை திருமுறையில், அதாவது ஏற்கப்பட்ட நூல் பட்டியலில், சேராது என்றார். அவர் காலத்து ஹிப்போ ஆயர் அகுஸ்தீன் திருச்சபையின் வழக்கமே முக்கியம் என்று அவற்றை ஏற்றார். ஆயிரம் ஆண்டுகள் இந்த இரு கருத்துகளும் பெரிய சண்டையில்லாமல் அருகருகே வாழ்ந்தன. 16ஆம் நூற்றாண்டில் புராட்டஸ்டன்ட் சீர்திருத்தத்தைத் தொடங்கிய லூத்தர் வந்ததும் பிரச்சினை கூர்மையானது, ஏனெனில் இறந்தோருக்காக மன்றாடுவதற்குச் சான்றாகக் காட்டப்படும் பகுதி 2 மக்கபேயர் 12இல் இருக்கிறது. 1534இல் வந்த அவரது ஜெர்மன் விவிலியம் இந்த நூல்களை இரு ஏற்பாடுகளுக்கும் நடுவே தனிப் பகுதியாக வைத்தது, நீக்கவில்லை.

நிசேயாவில் நடந்ததாக நினைக்கும் அந்த வாக்கெடுப்பு உண்மையில் நடந்தது இங்கேதான்: 1546 ஏப்ரல் 8, கத்தோலிக்கத் திருச்சபையின் திரெந்து சங்கம். ஆதரவு 24, எதிர்ப்பு 15, நடுநிலை 16. கத்தோலிக்கப் பட்டியல், மறுப்போருக்குச் சாபத்தோடு, அன்றுதான் உறுதியானது.

புராட்டஸ்டன்ட் விவிலியங்களில் இவை அச்சாகாமலே போனது இன்னும் பின்னால்தான். 1611இன் ஆங்கில அரச மொழிபெயர்ப்பில் இருந்தன. தரங்கம்பாடி லுத்தரன் மிஷன் அச்சகத்திலும் 1728இல் ஜெர்மன் மிஷனரி சுல்ட்சேயின் தமிழ் மொழிபெயர்ப்பாக இவை வெளிவந்தன. 1826இல் பிரிட்டிஷ் வெளிநாட்டு வேதாகமச் சங்கம் இவற்றை அச்சிடத் தன் பணத்தைச் செலவிடுவதில்லை என்று தீர்மானித்தது. உலகின் பெரும்பாலான மிஷன் விவிலியங்கள் அந்தச் சங்கத்தின் பணத்தில் வந்தவை. நம் ஊர்ச் சபைகளில் பலருக்கு இந்த நூல்களின் பெயர்கூடத் தெரியாமல் போனதற்கு இறையியலோடு இந்தக் கணக்குப் புத்தகமும் காரணம். கத்தோலிக்கரும் புராட்டஸ்டன்டினரும் சேர்ந்து உருவாக்கி 1995இல் வந்த தமிழ்ப் பொது மொழிபெயர்ப்பு அவற்றை மீண்டும் இரு ஏற்பாடுகளுக்கு இடையில் வைத்தது.

எத்தியோப்பியாவின் 81இல் ஏனோக்கும் யூபிலிகளும் உண்டு. ஏனோக்கு முழுதாகக் கிடைப்பது அவர்களது கீயெஸ் மொழியில் மட்டுமே. சாக்கடல் அருகேயுள்ள கும்ரானின் நான்காம் குகையில் அதன் அரமேயத் துண்டுகள் கிடைத்தபோதுதான், அது கிறிஸ்துவுக்கு முற்பட்ட யூத நூல் என்பதில் ஐயம் நீங்கியது.

‘மறைக்கப்பட்ட நற்செய்தி’ என்று வந்தால்

புதிதாக ஒரு நூலைப் பற்றிக் கேள்விப்பட்டால் நான்கைக் கேளுங்கள்: எழுதப்பட்டது எப்போது, முதலில் குறிப்பிடுபவர் யார், பழைய பட்டியல்களில் எந்த வகையில் வருகிறது, கையிலுள்ள மிகப் பழைய படியின் காலமும் மொழியும் எவை. எழுதிய காலத்தையும் படியின் காலத்தையும் ஒன்றாக்கிவிடுவதுதான் அடிக்கடி நேரும் பிழை.

தோமா நற்செய்தி 114 வாக்குகளின் தொகுப்பு. முழுப் படி 1945இல் எகிப்தின் நாக் ஹம்மாதி அருகே கிடைத்தது. கோப்து மொழி, 4ஆம் நூற்றாண்டுப் படி. அதற்கு முன்பே எகிப்தின் ஆக்சிரின்கு குப்பைமேட்டில் அதன் கிரேக்கத் துண்டுகள் கிடைத்திருந்தன. இன்று பல மொழிகளில் அச்சிலிருக்கிறது. யூதாசு நற்செய்தி 2006இல் வெளியானபோது பெரும் பரபரப்பு. சுமார் 180இலேயே அப்படியொரு நூல் இருப்பதை இரனேயு எழுதியிருக்கிறார்.

பட்டியலில் சேராதவை வழக்கிலிருந்து போய்விடவும் இல்லை. மரியாவின் பெற்றோர் சுவக்கீன், அன்னம்மாள் என்பது நான்கு நற்செய்திகளில் இல்லை. 2ஆம் நூற்றாண்டின் யாக்கோபு முதல் நற்செய்தியில் இருக்கிறது. தமிழ்க் கத்தோலிக்கர் ஜூலை 26இல் அவர்களுக்கு விழா எடுக்கிறார்கள். தோமா இந்தியா வந்ததை விரிவாகச் சொல்லும் பழைய நூல், 3ஆம் நூற்றாண்டில் சிரியாக்கில் எழுந்த தோமா பணிகள். அதில் வரும் குந்தபார் என்ற மன்னன் கற்பனை என்றே கருதப்பட்டான்; 19ஆம் நூற்றாண்டில் வடமேற்கில் கோந்தபாரஸ் பெயர் பொறித்த நாணயங்கள் கிடைத்தன. மன்னன் இருந்தான் என்பதற்கு அது சான்று. நூலில் வரும் அற்புதங்களுக்கோ மயிலாப்பூர் மரபுக்கோ அதைச் சான்றாக நீட்ட முடியாது. அந்த நூலில் மயிலாப்பூர் வரவில்லை.

பெயர்க் குழப்பத்தில் மிக அதிகமாக மாட்டுவது பர்னபா. பர்னபாவின் திருமுகம் பழையது, 2ஆம் நூற்றாண்டை ஒட்டியது; 4ஆம் நூற்றாண்டின் கிரேக்க விவிலியக் கையெழுத்துப் படியான சினாய் சுவடியில் திருவெளிப்பாட்டை அடுத்து அதுவும் எர்மாவின் மேய்ப்பனும் எழுதப்பட்டிருக்கின்றன. பர்னபா நற்செய்தி முற்றிலும் வேறு நூல். வியன்னாவிலுள்ள அதன் இத்தாலியப் படி 16ஆம் நூற்றாண்டின் இறுதியினது. அதில் இயேசு படகேறி நாசரேத்துக்குப் போகிறார். நாசரேத்து மலைப்பகுதி ஊர், கரை கிடையாது. யூபிலி என்ற விடுதலை ஆண்டு நூறு ஆண்டுகளுக்கு ஒருமுறை வருகிறது என்றும் அதில் இருக்கிறது. மோசேயின் சட்டப்படி அது 50ஆம் ஆண்டு. நூறு என்று வைத்தவர் 1300இல் திருத்தந்தை எட்டாம் போனிபாஸ். 1343இல் ஆறாம் கிளமெந்து அதை மறுபடி 50 ஆக்கிவிட்டார்.